ரங்கூன் மேடையும் இன்ஸ்பெக்டர் வேடமும்

யாங்கூன் அன்று ரங்கூன். 1931-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி அந்நகரவாசிகளில் பாதிக்கும் மேலானவர்கள் இந்தியர்கள். சென்னையிலிருந்து கப்பலேறினால் அங்கே தமிழ் கேட்க ஆளுண்டு, காசு கொடுத்து நாடகம் பார்க்கவும் ஆளுண்டு. நாடகக் கம்பெனிகள் விடுமா?

அப்படி எம். கந்தசாமி முதலியாரின் குழுவோடு போனவர்களில் ஓர் இளைஞர் எம்.ஜி. ராமச்சந்திரன். சிறுவர் நாடகக் குழுவான பாய்ஸ் கம்பெனியில் பெண் வேடமும் கட்டியவர், ரங்கூனில் ஆண் வேடங்களில் மேடையேறினார்.

1936-இல் ‘சதிலீலாவதி’ வந்தது. எஸ்.எஸ். வாசன் எழுதிய கதை, எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கம். வசனம் எழுதியவர் அதே கந்தசாமி முதலியார். கதாநாயகன் அவர் மகன் எம்.கே. ராதா. ராமச்சந்திரனுக்குக் கிடைத்தது இன்ஸ்பெக்டர் ரங்கையா நாயுடு என்ற சின்ன வேடம். என்.எஸ். கிருஷ்ணனும் டி.எஸ். பாலையாவும்கூட அந்தப் படத்தில் நடித்திருக்கிறார்கள்.

கதாநாயகன் ஆக ராமச்சந்திரனுக்குப் பதினொரு ஆண்டுகள் பிடித்தன. பாடத் தெரிந்தவரே நாயகன் என்றிருந்த காலம் அது. இவரோ பாடகர் அல்லர். 1941-இல் ‘அசோக்குமார்’ படத்தில் நாயகன் எம்.கே. தியாகராஜ பாகவதர் பாட, இவர் தளபதியாக வந்தார். 1945-இல் எம்.எஸ். சுப்புலட்சுமியின் ‘மீரா’விலும் துணை வேடம்தான். இத்தனை காலம் பொறுத்ததே பெரிது.

1947-இல் ஜூபிடர் பிக்சர்ஸின் ‘ராஜகுமாரி’யில்தான் ஏ.எஸ்.ஏ. சாமி அவரை நாயகனாக்கினார். அப்போது எம்.ஜி.ஆருக்கு வயது முப்பது.