நாள் தள்ளிப் போனால்... ஒரு கோடா, இரண்டு கோடா?



மருத்துவ ஆலோசனைக்கு வரும் இளம் பெண்கள் செல்போனில் ஒரு படத்தைக் காட்டி அடிக்கடி கேட்கும் கேள்வி இது: "அக்கா, இது ஒரு கோடா, ரெண்டு கோடா?" சிலர் அதே படத்தை துபாயிலோ சவூதியிலோ இருக்கும் கணவருக்கும் அனுப்பியிருப்பார்கள். அவரும் அங்கே பெரிதாக்கிப் பார்த்துக் குழம்பிக்கொண்டிருப்பார். படத்தை மட்டும் பார்த்து யாரும் பதில் சொல்ல முடியாது. எத்தனை நாள் தள்ளிப் போயிருக்கிறது, எப்போது பரிசோதித்தீர்கள், எத்தனை நிமிடத்தில் பார்த்தீர்கள் என்பதெல்லாம் தெரிய வேண்டும்.

மெடிக்கல் ஷாப்பில் கிடைக்கும் அந்தக் கார்டு, சிறுநீரில் எச்.சி.ஜி. என்ற ஒரே ஒரு ஹார்மோன் இருக்கிறதா என்று பார்க்கிறது. கரு உருவான உடனே இது சுரப்பதில்லை. கரு கர்ப்பப்பையின் சுவரில் ஒட்டிக்கொண்ட பிறகுதான் சுரக்கத் தொடங்கும். கருமுட்டை வெளிவந்த நாளிலிருந்து அதற்குச் சுமார் 6 முதல் 12 நாட்கள் ஆகலாம். அதன் பிறகு இரண்டு மூன்று நாட்களுக்கு ஒருமுறை அளவு இரட்டிப்பாகும். ஆகவே மாதவிலக்கு வரவேண்டிய தேதிக்கு முன்பே அவசரப்பட்டு எடுத்தால், கர்ப்பம் இருந்தும் கார்டு "இல்லை" என்று சொல்லிவிடலாம். நாள் தள்ளிய பிறகு எடுப்பதே சரி. ஒரு வாரம் பொறுத்தால் இன்னும் நல்லது. மாதவிலக்கு ஒழுங்காக வராதவர்கள், கணவருடன் கடைசியாகச் சேர்ந்த நாளிலிருந்து 21 நாட்கள் கழித்துப் பரிசோதிக்கலாம்.

காலையில் எழுந்ததும் கழிக்கும் முதல் சிறுநீர் நல்லது, ஏனென்றால் அதில் ஹார்மோன் செறிவாக இருக்கும். ரமலான் மாதத்தில் இதைக் கவனிக்க வேண்டும். சஹருக்கு எழுந்து வயிறு நிறையத் தண்ணீர் குடித்துவிட்டு, ஃபஜ்ர் தொழுத பிறகு பரிசோதித்தால் சிறுநீர் நீர்த்துப் போயிருக்கும். சஹருக்கு எழுந்தவுடன், தண்ணீர் குடிக்கும் முன்பே பிடித்துவிடுங்கள்.

முதலில் உறையில் காலாவதி தேதியைப் பாருங்கள். பயன்படுத்தும் நேரத்தில்தான் உறையைப் பிரிக்க வேண்டும். சோப்பு ஒட்டாத, காய்ந்த சின்னக் கிண்ணத்தில் சிறுநீரைப் பிடியுங்கள். கார்டைச் சமதளத்தில் வைத்து, உடன் வரும் டிராப்பரால் குழியில் சொட்டு விடுங்கள். பெரும்பாலும் மூன்று சொட்டு என்று போட்டிருக்கும். ஆனாலும் நீங்கள் வாங்கிய அட்டையில் உள்ளபடியே செய்யுங்கள். பிறகு கடிகாரத்தைப் பார்த்துக் காத்திருங்கள், பொதுவாக 5 நிமிடம். (உப்பு, சர்க்கரை, பற்பசையில் சிறுநீர் விட்டுப் பார்க்கும் முறைகள் வீடியோக்களில் சுற்றுகின்றன. அவற்றால் எதுவும் தெரியாது.)

'சி' என்ற எழுத்துக்கு எதிரே கோடு வந்தால் கார்டு வேலை செய்கிறது என்று பொருள். அந்தக் கோடு வராவிட்டால் கார்டு பழுது, வேறொன்று வாங்க வேண்டும். 'சி'யோடு 'டி' என்ற இடத்திலும் கோடு வந்தால் கர்ப்பம். 'டி' கோடு மங்கலாக இருந்தாலும், குறித்த நேரத்துக்குள் நிறத்தோடு வந்திருந்தால் அதுவும் கோடுதான். ஹார்மோன் இன்னும் குறைவாக இருக்கிறது, அவ்வளவே. இரண்டு நாள் கழித்து மறுபடி எடுத்தால் பெரும்பாலும் அழுத்தமாகத் தெரியும். குப்பையில் போட்ட கார்டை மத்தியானம் எடுத்துப் பார்த்து, வெளிறிய கோடு தெரிகிறதே என்று நினைப்பது வேறு. சிறுநீர் காய்ந்தாலும் அப்படி ஒரு தடம் விழும். அதைக் கணக்கில் எடுக்காதீர்கள்.

ஒரு கோடு மட்டும் வந்தால் விஷயம் முடிந்துவிட்டது என்று பலரும் நினைத்துவிடுகிறார்கள். மாதவிலக்கு வராவிட்டால் ஒரு வாரம் கழித்து மறுபடி எடுங்கள். அப்போதும் ஒரே கோடு, மாதவிலக்கும் இல்லை என்றால் மருத்துவரிடம் போங்கள். தைராய்டு, நீர்க்கட்டி போன்ற வேறு காரணங்களும் இருக்கலாம். "எதற்கும் இருக்கட்டும்" என்று மாதவிலக்கு வரவழைக்கும் மாத்திரையைத் தாமாக வாங்கிப் போடக் கூடாது. பால் கொடுக்கும் தாய்மார்களுக்கு ஒரு வார்த்தை: பிரசவத்துக்குப் பிறகு மாதவிலக்கு திரும்பாமலேயே அடுத்த கர்ப்பம் தரிக்கலாம்.

இரண்டு கோடு பொய்யாக வருவது அபூர்வம். குழந்தைப்பேறு சிகிச்சையில் எச்.சி.ஜி. ஊசி போட்டிருந்தாலோ, சில வாரங்களுக்குள் பிரசவமோ கருச்சிதைவோ ஆகியிருந்தாலோ அப்படி வரலாம். சாதாரண ஆன்டிபயாடிக் மாத்திரையாலும் கருத்தடை மாத்திரையாலும் முடிவு மாறாது.

இனி முக்கியமான விஷயம். கரு எங்கே இருக்கிறது என்று கார்டு சொல்லாது. நூறில் ஒன்றிரண்டு கர்ப்பங்களில் கரு, கர்ப்பப்பைக்கு வெளியே, பெரும்பாலும் கருக்குழாயில் தங்கிவிடுகிறது. அப்போதும் கார்டில் இரண்டு கோடுதான் வரும். குழாய் வெடித்தால் உயிருக்கே ஆபத்து. அடிவயிற்றில், குறிப்பாக ஒரு பக்கமாக வலி, ரத்தக்கசிவு, தோள்பட்டை நுனியில் வலி, தலைசுற்றல், மயக்கம் ஆகியவற்றில் எது வந்தாலும் விடிகிற வரை காத்திருக்க வேண்டாம். கணவர் போன் எடுக்கட்டும், மாமியிடம் கேட்கலாம் என்றும் காலம் தாழ்த்த வேண்டாம். 108-ஐ அழைத்து மருத்துவமனைக்குப் போங்கள். வீட்டிலுள்ள ஆண்களும் இதைத் தெரிந்து வைத்திருக்க வேண்டும். மருத்துவரைப் பார்க்காமல் கடையில் கருக்கலைப்பு மாத்திரை வாங்கிச் சாப்பிடுவதிலும் இதே ஆபத்து இருக்கிறது. கருக்குழாயில் இருக்கும் கருவை அந்த மாத்திரை கலைக்காது. ரத்தம் போனதும் முடிந்தது என்று நினைத்துக்கொண்டிருக்கும்போதே குழாய் வெடிக்கலாம்.

தொந்தரவு எதுவும் இல்லாவிட்டாலும் மூன்று மாதம் ஆகட்டும் என்று தள்ளிப்போடாதீர்கள். குழந்தையின் மூளையும் தண்டுவடமும் உருவாகும் குழாய், நாள் தள்ளி இரண்டு வாரத்துக்குள்ளாகவே மூடிக்கொள்கிறது. போலிக் அமில மாத்திரையை, கர்ப்பத்துக்குத் திட்டமிடும்போதே தொடங்கச் சொல்வது அதனால்தான். அப்போது தொடங்காதவர்கள் இரண்டு கோடு தெரிந்த அன்றே மருத்துவரைக் கேட்டுத் தொடங்கலாம். சர்க்கரை, ரத்த அழுத்தம், வலிப்பு ஆகியவற்றுக்கு மாத்திரை சாப்பிடுபவர்கள் தாமாக நிறுத்தாமல், உடனே மருத்துவரிடம் காட்டுங்கள். எக்ஸ்ரே எடுக்கும் முன் கர்ப்பத்தைச் சொல்லிவிடுங்கள்.

ஆரம்ப சுகாதார நிலையத்தில் கிராம சுகாதாரச் செவிலியரிடம் பதிவு செய்துகொள்ளுங்கள். டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி மகப்பேறு உதவித் திட்டத்துக்கு 12 வாரத்துக்குள் பதிவு செய்வது அவசியம். கர்ப்பிணிக்கு நோன்பில் சலுகை உண்டு. நோன்பு பிடிக்க உடல் தாங்குமா என்பதை மருத்துவரிடமும், விட்ட நோன்புக்கு களாவா ஃபித்யாவா என்பதை ஆலிமிடமும் கேளுங்கள். மருத்துவரிடம் போகும்போது கடைசி மாதவிலக்கின் முதல் நாள் எது என்று குறித்துக்கொண்டு போங்கள். அவர் முதலில் கேட்பது அதைத்தான்.