மேசைக்கு வராத நாட்குறிப்பு

நபிகள் நாயகத்தைப் பற்றி 1840-இல் லண்டனில் ஆற்றிய சொற்பொழிவுக்காக எழுத்தாளர் தாமஸ் கார்லைலை நம்மவர்கள் பலர் அறிவார்கள். அவரும் மனைவி ஜேனும் செல்சி பகுதியில், செய்ன் ரோ என்ற சின்னத் தெருவில், 1834 முதல் கடைசிவரை வாழ்ந்த வீடு இன்று நினைவில்லம்.

எழுதும்போது அவருக்குச் சத்தமே ஆகாது. பக்கத்து வீட்டுச் சேவல் கூவினால் அன்றைய பொழுது பாழ். சேவல்காரரிடம் போய்ப் பேசிச் சரிக்கட்டுவது ஜேன். 1853-இல் வீட்டின் உச்சியில் சத்தம் புகாத அறை ஒன்று கட்டினார்கள். சத்தம் புகுந்தது, கணவர் மட்டும் மாடியோடு போனார்.

ஹாரியட் என்ற சீமாட்டியின் வீட்டுக்குக் கணவர் ஓயாமல் போய்வந்தது ஜேனை அரித்தது. 1846 ஜூலையில் மனத்தாங்கலோடு லிவர்பூல் பக்கம் தோழி வீட்டுக்குப் போய்விட்டார். பிறந்தநாளன்று தபால் நிலையத்துக்கு நடந்தார். கடிதம் இல்லை என்றார்கள். திரும்பி வந்து அறைக்குள் அடைந்துகொண்டார். என்னை வெறுத்தே விட்டாரா, அந்தச் சீமாட்டி வீட்டில் என்னை மறந்தாரா, படுத்த படுக்கையாகிவிட்டாரா? மனம் போகாத இடமில்லை. உண்மையில் கடிதமும் பரிசும் வந்திருந்தன; அஞ்சல்காரப் பெண்மணி கவனிக்கவில்லை. கைக்கு வந்ததும் நடுங்கும் விரல்களால் அன்றே பதில் எழுதினார்.

1855 பிப்ரவரியில் வீட்டுச் செலவுக்குப் பணம் போதவில்லை. வாயால் சொன்னது கணவர் காதில் ஏறவில்லை. நிதியமைச்சர் அறிக்கை வாசிப்பதுபோல் நிலக்கரி, மெழுகுவத்தி, ரொட்டி என்று ஒவ்வொன்றாக எழுதி அவர் மேசையில் வைத்தார். தோட்டத்தில் புகைபிடித்துவிட்டு வந்த கார்லைல் படித்தார், விழுந்து விழுந்து சிரித்தார், ஆண்டுக்கு 30 பவுண்டு கூட்டிக் கொடுத்தார்.

அதே ஆண்டு இறுதியில் ஜேன் ஒரு நாட்குறிப்பு தொடங்கினார். அந்தச் சீமாட்டி வீட்டில் கணவர் கழித்த மாலைகள் அதில் கசப்போடு பதிவாயின. அவருக்கு அது தெரியாது.

1866 ஏப்ரல் 21 அன்று ஹைடு பார்க்கில் குதிரை வண்டியில் போய்க்கொண்டிருந்தபோதே ஜேனின் உயிர் பிரிந்தது. ஸ்காட்லாந்திலிருந்து திரும்பிய கார்லைல் அவருடைய தாள்களைப் படித்து உடைந்துபோனார். கடிதங்களைத் தொகுத்துக் குறிப்புகள் எழுதினார். அவர் மறைந்தபின், 1883-இல், அவருடைய வாழ்க்கை வரலாற்றாசிரியர் ஃப்ரூட் அவற்றை வெளியிட்டதும் கொடுமைக்காரக் கணவர் என்ற பேச்சு ஊரெங்கும் கிளம்பியது. எனக்கு அது ஒப்பவில்லை. மேசைக்கு வந்த தாளுக்கு அந்த மனிதர் மறுமொழி சொன்னார். நாட்குறிப்பை ஜேன் அங்கே வைக்கவே இல்லை. வைக்கும் துணிவு வராதபடி கணவரும் மாடியிலேயே இருந்துவிட்டார்.