6 நாளில் எடுத்த விண்வெளிப் படம்! பனிமூட்டம் செய்த மாயம்

பணத்தைக் கொட்டினால்தான் நல்ல படம் எடுக்க முடியுமா?

"இல்லை" என்று காட்டினார் ஒருவர். அவர் பெயர் எட்கர் உல்மர். ஹாலிவுட் டைரக்டர்.

1951-ம் ஆண்டில் அவர் எடுத்த படம் "தி மேன் பிரம் பிளானட் எக்ஸ்". அதாவது, "எக்ஸ் கிரகத்து மனிதன்".

படப்பிடிப்பு எத்தனை நாள் நடந்தது தெரியுமா? ஆறே நாள்!

பழைய "செட்"

கையில் பணம் குறைவு. புதிதாக "செட்" போட வழி இல்லை.

1948-ல் இங்கிரிட் பெர்க்மன் நடித்து வெளிவந்த படம் "ஜோன் ஆப் ஆர்க்". அதற்கு 40 லட்சம் டாலருக்கு மேல் செலவானது. அதற்காகப் போட்ட செட்டுகளையே உல்மர் பயன்படுத்திக்கொண்டார்.

பிறகு, செட் முழுவதும் புகையைப் பரவ விட்டார். கதை நடப்பது ஸ்காட்லாந்து நாட்டுத் தீவு ஒன்றில். அங்கே பனிமூட்டம் சகஜம்தானே!

புகை, செட்டின் குறைகளை மறைத்தது. பயத்தையும் கூட்டியது. எதிரே நிற்பது என்னவென்று தெரியாதபோதுதானே நெஞ்சு படபடக்கிறது?

கண்ணாடியில் ஒரு முகம்

"எக்ஸ்" என்ற கிரகம் பூமியை நெருங்குகிறது. ஒரு விஞ்ஞானி தீவில் தங்கி அதை ஆராய்கிறார். அவரைக் காண ஒரு பத்திரிகை நிருபர் வருகிறார்.

ஓர் இரவு. விஞ்ஞானியின் மகள் ஈனிட் தனியாக நடந்து வருகிறாள். பனிக்குள் ஒரு விசித்திர விண்கலம்! கண்ணாடி வழியே எட்டிப் பார்க்கிறாள்.

உள்ளே ஒரு முகம்! ஆடாத, அசையாத முகம்!

வந்தவனுக்கு நம் காற்று ஒத்துக்கொள்ளாது. உடையில் உள்ள ஒரு திருகைத் திருப்பினால்தான் அவனுக்கு மூச்சு. ஒருமுறை அவன் மூச்சுத் திணறித் தவிக்கிறான். நிருபர் ஓடிச் சென்று திருகைத் திருப்பி விடுகிறார். அவன் பிழைக்கிறான். சாதுவாகப் பின்னாலேயே வருகிறான்.

அந்த வீட்டில் மியர்ஸ் என்ற பேராசைக்காரன் இருக்கிறான். அன்னியனின் ரகசியங்களைக் கறந்து பணக்காரனாக வேண்டும் என்பது அவன் ஆசை. அவன் அதே திருகை மூடிச் சித்திரவதை செய்கிறான்!

அதன் பிறகுதான் விபரீதம். அன்னியன் ஊராரைப் பிடித்து அடிமை ஆக்குகிறான். ராணுவம் வருகிறது. விண்கலம் அழிகிறது.

யார் குற்றம்?

வந்தவன் நல்லவனா, கெட்டவனா? அவனைத் துன்புறுத்தாமல் இருந்திருந்தால் என்ன நடந்திருக்கும்? படம் முடியும்போது ஈனிட்டுக்கும் இந்தச் சந்தேகம் வருகிறது. விடை யாருக்கும் தெரியாது.

ராக்கெட்டும் முகமூடியும் இன்று பார்த்தால் விளையாட்டுச் சாமான் போலத் தோன்றலாம். சிரித்துவிட்டு எழுந்துவிடாதீர்கள். விளக்கை அணைத்துவிட்டு, குழந்தைகளோடு உட்கார்ந்து பாருங்கள்.

படம் முடிந்ததும் அவர்களிடம் கேளுங்கள்: "நீயாக இருந்தால் அந்தத் திருகை எந்தப் பக்கம் திருப்புவாய்?"