‘இரத்தம் போதாது’ என்று சொன்னால்...



பசறையிலோ லுணுகலையிலோ கிளினிக்குக்குப் போனால், “இரத்தம் போதாது” என்று சொல்லி இரும்புச்சத்துக் குளிசை தருவார்கள். பெரும்பாலும் அது சாப்பாட்டுக் குறைதான். தோட்டத்துப் பெண்களுக்கும் கடைவீதிக் குடும்பத்துப் பெண்களுக்கும் பழகிப்போன வார்த்தை. ஆனால், மாதக்கணக்கில் விழுங்கியும் தேறவில்லையா? இரத்தத்திலுள்ள புரதத்தையே சோதிக்க வேண்டுமா என்று டாக்டரிடம் கேளுங்கள்.

அந்தப் புரதத்தின் பெயர் ஹீமோகுளோபின். நான்கு சங்கிலிகள் சுருண்டு மடிந்து ஒன்றையொன்று பற்றிய உருவம். எக்ஸ் கதிர்களால் இதன் வடிவத்தைக் காண கேம்பிரிட்ஜில் மாக்ஸ் பெரூட்ஸ் 1937இல் இறங்கினார், 1959இல்தான் கண்டார். இருபத்திரண்டு வருடப் பொறுமை!

நமது சோதனைக்கு அவ்வளவு பாடு இல்லை. ‘பீட்டா’ச் சங்கிலியில் தஸ்பீஹ் மணிகள் போல 146 அமினோ அமிலங்கள் கோத்திருக்கின்றன. 26ஆவது மணி மட்டும் மாறிவிட்டால் அது ‘ஹீமோகுளோபின் ஈ’. அந்த ஒரு மணியால் புரதத்தின் மின்னேற்றம் மாறுகிறது. ஜெல் மீது இரத்தச் சாற்றை வைத்து மின்சாரம் செலுத்தினால், சாதாரண ஹீமோகுளோபின் முன்னே ஓட, இது பின்தங்கி நிற்கும். எச்.பி.எல்.சி. என்னும் இயந்திரமோ ஒவ்வொரு வகையையும் மெல்லிய குழாயில் பிரித்து அளந்தே காட்டும். ‘ஏ2’ வகை 3.5 சதவீதத்தைத் தாண்டினால் பெரும்பாலும் தலசீமியாக் காவி.

காவிக்கு நோய் இல்லை. ஆனால் கணவன், மனைவி இருவருமே காவிகளானால், ஒவ்வொரு கர்ப்பத்திலும் நான்கில் ஒரு பங்கு, பிள்ளைக்குக் கடும் தலசீமியா வரலாம். அப்படியான பிள்ளைக்கு மாதா மாதம் இரத்தம் ஏற்ற வேண்டும். ஏற்றிய இரத்தத்தால் சேரும் இரும்பை அகற்ற மருந்தும் வேண்டும். குருணாகல், அனுராதபுரம் போலப் பதுளை ஆஸ்பத்திரியிலும் இப்பிள்ளைகளுக்குத் தனிப் பிரிவு இருப்பது சும்மா அல்ல. 2000இல் வெளியான ஆய்வொன்று, இலங்கையில் நூற்றுக்கு இரண்டு பேரளவில் காவிகள் என்றது.

மாமி மகன், சாச்சா மகள் என்று சொந்தத்துக்குள் முடிப்பவர்கள் நாம். குடும்பத்தில் ஒருவர் காவியானால் மற்றவரும் காவியாக இருக்க வாய்ப்பு அதிகம். நகைக் கணக்குக் கேட்கும் வாய்க்கு இரத்த ரிப்போட்டைக் கேட்க மட்டும் வெட்கமா?

ஒன்றைக் கவனியுங்கள்: இரும்புச்சத்துக் குறைவு ‘ஏ2’ அளவைக் குறைத்துக் காட்டலாம். ஆகவே குளிசையை நீங்களாக நிறுத்தாமல், டாக்டர் சொல்லும் நேரத்தில் சோதனை செய்யுங்கள். கல்யாணமாகிக் கர்ப்பமாக இருப்பவர்கள் முதலில் தாம் சோதித்து, காவி என்று தெரிந்தால் தாமதிக்காமல் கணவரையும் அழைத்துச் செல்லுங்கள்.