குவாண்டம் பின்னலும் மெய்ம்மையும்: திண்டிவனம் – விழுப்புரம் எடுத்துக்காட்டு வழி ஒரு விளக்கம்

குவாண்டம் இயற்பியலைச் சான்றுகாட்டும் மெய்யியல் எழுத்துகளில், காண்பான் இல்லையேல் காட்சிப்பொருளும் இல்லை என அறிவியல் நிறுவிவிட்டதாக ஒரு கூற்று இடம்பெறுவதுண்டு. நிறுவப்பட்டது அதுவன்று.

திண்டிவனத்திற்கும் விழுப்புரத்திற்கும் நடுவே பின்னலுற்ற ஒளித்துகள் இணைகள் உருவாக்கப்படுவதாகக் கொள்க. ஒவ்வோர் இணையிலும் ஒன்று வடக்கேயும் மற்றது தெற்கேயும் செல்கிறது. தளவிளைவை ஒரே திசையில் அளந்தால் இரண்டு ஊர்களிலும் விடை ஒத்திருக்கும். இதில் மட்டும் வியப்பில்லை. ஒரு சோடிச் செருப்பைப் பிரித்தனுப்பினால், திண்டிவனத்தில் இடக்கால் செருப்பைப் பெற்றவர் விழுப்புரத்திற்குச் சென்றது வலக்காலுக்குரியது என அறிவார். அது அனுப்பியபோதே முடிவானது.

ஒளித்துகளும் அத்தகையதுதானா? 1964இல் ஜான் பெல் இவ்வினாவைச் சோதனைக்குரியதாக்கினார்; 1969இல் கிளாசர் முதலிய நால்வர் அதனை எளிதில் அளக்கத்தக்க வடிவில் தந்தனர். ஒவ்வோர் ஊரிலும் இரண்டு திசைகளுள் ஒன்று தற்செயலாகத் தேர்ந்து அளக்கப்படும். விடைகள் முன்னரே முடிவானவை, ஓர் ஊரின் அளவீடு மற்றதைப் பாதிக்காது என்னும் இரு கருதுகோள்களும் மெய்யாயின், விடைகளின் ஒப்புமையிலிருந்து பெறும் எண் 2ஐ விஞ்சாது. குவாண்டம் கொள்கையோ ஏறத்தாழ 2.83 வரை இடமளிக்கிறது. இவ்வூர்களுக்கு இடைப்பட்ட ஏறத்தாழ 37 கி.மீ. தொலைவைக் கடக்க ஒளிக்கே 0.12 மில்லிநொடி வேண்டும். தேர்வும் அளவீடும் அதற்குள் முடிந்தால், ஓர் ஊரின் செய்தி மற்றதை எட்டியிருக்க இயலாது.

1982இல் அலென் ஆஸ்பெவின் சோதனையிலும், 2015இல் டெல்ஃப்டில் 1.3 கி.மீ. இடைவெளியில் நிகழ்ந்த சோதனையிலும் 2 என்னும் எல்லை மீறப்பட்டது. ஆஸ்பெ, கிளாசர், சைலிங்கர் மூவரும் 2022இல் நோபல் பரிசு பெற்றனர்.

ஆக, அவ்விரு கருதுகோள்களும் ஒருங்கே நிற்கா. எதைக் கைவிடுவது என்பதில்தான் ஊகம் தொடங்குகிறது. டேவிட் போம் துகளுக்குத் திட்டமான இருப்பிடம் உண்டு எனக் கொண்டு, தொலைவு கடந்த பாதிப்பை ஏற்றார். எவரெட் 1957இல் எல்லா விடைகளும் நிகழ்வதாகக் கருதினார். மனத்திற்கு இடமளித்த விக்னர் பின்னர் அதனைக் கைவிட்டார். மெய்யியல் எழுத்துகள் இதனைப் பெரும்பாலும் சுட்டுவதில்லை.

‘நோக்கர்’ என உயர்திணையில் கலைச்சொல் அமைந்ததும் மயக்கத்திற்கு ஒரு காரணம். சென்னைக் கிறித்துவக் கல்லூரியில் பயின்று, பின்னாளில் சென்னைக் கணித அறிவியல் நிறுவனத்தின் இயக்குநராக விளங்கிய இ. சி. ஜி. சுதர்சன், பைத்யநாத் மிஸ்ராவுடன் 1977இல் குவாண்டம் சீனோ முரணை முன்வைத்தார்: இடைவிடாது நோக்கப்படும் அமைப்பு நிலைமாறாது. 1990இல் அமெரிக்காவில் பெரிலியம் அயனிகளைக் கொண்டு இவ்விளைவு சோதிக்கப்பட்டது. அங்கு அயனிகளை ‘நோக்கியவை’ ஒளித்துடிப்புகள்.