ஆறு நாளில் ஐந்து வெற்றி: 1899இன் சுவானி அணி

அமெரிக்காவின் டென்னஸி மாநிலத்தில், கம்பர்லாந்து பீடபூமியின் மேல் சுவானி என்ற சிற்றூர் இருக்கிறது. எபிஸ்கோபல் திருச்சபை அங்கே நிறுவிய பல்கலைக்கழகத்தையும் ஊர்ப்பெயராலேயே அழைப்பது வழக்கம். அந்தச் சிறிய கல்லூரியின் ஃபுட்பால் அணி 1899ஆம் ஆண்டுப் பருவத்தில் 12 ஆட்டங்கள் ஆடிப் பன்னிரண்டிலும் வென்றது. அது எடுத்த புள்ளிகள் 322. எதிரணிகளுக்குக் கொடுத்தவை வெறும் 10. அவற்றுள் ஐந்து வெற்றிகள் நவம்பர் 9 முதல் 14 வரையிலான ஆறே நாளில், ஐந்து வெவ்வேறு ஊர்களில் கிடைத்தன.

இங்கே ஃபுட்பால் என்பது அமெரிக்க ஆட்டம். நீள்வட்டப் பந்தைக் கையில் அணைத்துக்கொண்டு எதிரணியின் எல்லைக்கோட்டை நோக்கி முன்னேற வேண்டும். எதிரணியினர் பிடித்துக் கீழே தள்ளித் தடுப்பார்கள். ரட்கர்ஸ், பிரின்ஸ்டன் கல்லூரிகள் 1869இல் ஆடியதே கல்லூரிகளிடையே நடந்த முதல் போட்டி என்பார்கள். ஆனால் அது பந்தை உதைத்து ஆடும் ஆட்டத்துக்கே நெருக்கமாக இருந்தது. 1880களில் வால்டர் கேம்ப் வகுத்த விதிகள்தான் அமெரிக்க ஆட்டத்துக்குத் தனி உருவம் தந்தன.

1899இல் நடந்த ஆட்டத்தை இன்றைய ரசிகர் பார்த்தால் அடையாளம் காணவே சிரமப்படுவார். பந்தை முன்னோக்கி வீசுவதற்கு அனுமதி இல்லை; அது 1906இல்தான் வந்தது. மூன்று முயற்சிகளில் 5 கெஜம் முன்னேறாவிட்டால் பந்து கைமாறும். அதனால் ஒவ்வொரு முயற்சியும் உடலோடு உடல் மோதும் நெரிசலாகவே முடிந்தது. எல்லைக்கோட்டைத் தாண்டிப் பந்தைக் கொண்டுசேர்க்கும் டச் டவுனுக்கு 5 புள்ளி, அதன்பின் உதைக்கும் பந்து இலக்குக் கம்பங்களுக்கு இடையே போனால் இன்னும் 1. விதிப்படி ஒவ்வொரு பாதியும் 35 நிமிடம். மைதானத்தை விட்டு வெளியேறியவர் திரும்ப இறங்க முடியாது; ஆகவே அடிபட்டவர்களும் முடிந்தவரை தாக்குப்பிடித்தார்கள். தாக்குதலுக்கு ஓர் அணி, தற்காப்புக்கு வேறோர் அணி என்ற பிரிவும் கிடையாது. அதே 11 பேர்தான் இரண்டையும் செய்தார்கள்.

இத்தகைய ஆட்டத்தை அடுத்தடுத்த நாட்களில் ஆட ஓர் அணி துணிந்ததற்குக் காரணம் பணம். நாஷ்வில்லில் உள்ள வாண்டர்பில்ட் அணியோடு ஆண்டுதோறும் ஆடும் ஆட்டமே சுவானிக்கு நல்ல வசூல் தந்தது. நுழைவுச்சீட்டு வருவாயைப் பங்கிடுவதில் தகராறு எழ, அந்த ஆண்டு அது நின்றுபோயிற்று. இழப்பை ஈடுகட்ட மாணவ மேனேஜர் லூக் லீ ஒரு நீண்ட பயணத்தைத் திட்டமிட்டார். ஒரே சுற்றில் பல ஆட்டங்களை அடுக்கினால் ரயில் செலவு போக மீதி நிற்கும் என்பது அவர் கணக்கு. அப்போது அவருக்கு வயது இருபதுதான். பிற்காலத்தில் அவர் நாஷ்வில்லில் ‘டென்னஸியன்’ நாளிதழைத் தொடங்கினார். செனட் உறுப்பினரும் ஆனார். முதல் உலகப் போர் முடிந்தபின், 1919 ஜனவரியில், நெதர்லாந்தில் தஞ்சம் புகுந்திருந்த ஜெர்மன் பேரரசர் இரண்டாம் வில்ஹெல்மைப் பிடித்து வரச் சில தோழர்களோடு போய் வெறுங்கையோடு திரும்பியவரும் இவரே. அணியின் ரயில் பயணத் திட்டத்தில் தெரியும் துணிச்சல் கடைசிவரை அவரிடம் இருந்தது.

பயிற்சியாளர் பில்லி சூட்டர், கேப்டன் ஹென்றி சைபல்ஸ், 21 ஆட்டக்காரர்கள். இவர்கள் படுக்கை வசதி கொண்ட ரயில் பெட்டியில் புறப்பட்டார்கள். வெளியூர்த் தண்ணீர் உடம்புக்கு ஒத்துக்கொள்ளாமல் போகலாம் என்று சுவானி ஊற்றுநீரையும் பீப்பாய்களில் ஏற்றிக்கொண்டார்கள். ஆட்டத்துக்கான காலணிகள் ஊரிலேயே தங்கிவிட்டன என்றும், தந்தி அடித்து அடுத்த ரயிலில் வரவழைத்தார்கள் என்றும் ஒரு கதை சுவானியில் இன்றும் சொல்லப்படுகிறது.

நவம்பர் 9, வியாழக்கிழமை, ஆஸ்டினில் டெக்சாஸ் பல்கலைக்கழகத்தை 12-0 என வென்றார்கள். தலையில் அடிபட்டுக் காயத்துக்குக் கட்டுப் போட்டுக்கொண்டு சைபல்ஸ் தொடர்ந்து ஆடினார். அன்றிரவே ரயில். வெள்ளியன்று ஹூஸ்டனில் டெக்சாஸ் ஏ அண்ட் எம் அணி 10-0 எனத் தோற்றது. மறுபடி இரவு ரயில். சனியன்று நியூ ஆர்லியன்ஸில் டுலேன் அணியை 23-0 என வீழ்த்தினார்கள். ஞாயிறு ஆட்டமில்லாத நாள். திங்களன்று பேட்டன் ரூஜில் லூசியானா மாநிலப் பல்கலைக்கழகத்துக்கு எதிராக 34-0. செவ்வாயன்று மெம்ஃபிஸில் மிசிசிப்பி பல்கலைக்கழகத்துக்கு எதிராக 12-0. ஏறத்தாழ 2,500 மைல் பயணம், ஐந்து ஆட்டம், எதிரணிகளுக்கு ஒரு புள்ளிகூட இல்லை. வெற்றிகளின் எண்ணிக்கையைவிட இந்தப் பூஜ்யங்களே பெரிய சாதனை. ஒவ்வோர் ஊரிலும் எதிரே நின்றது புதிய அணி. இவர்களோ முந்தைய நாளின் காயங்களோடு ரயிலில் தூங்கி எழுந்து வந்தவர்கள்.

ஆயினும் பருவத்தின் மிகக் கடுமையான சோதனை அதற்குப் பின்புதான் வந்தது. கம்பர்லாந்து அணியை 71-0 என எளிதில் தோற்கடித்தபின், நவம்பர் 30, நன்றியறிதல் நாளன்று, அலபாமாவின் மான்ட்கோமரியில் ஆபர்ன் அணியைச் சந்தித்தார்கள். ஆபர்னின் பயிற்சியாளர் ஜான் ஹைஸ்மன்; ஆண்டின் சிறந்த கல்லூரி ஆட்டக்காரருக்கு இன்று தரப்படும் விருது இவர் பெயரில் அமைந்தது. ஹைஸ்மனின் அணி மிக வேகமாக ஆடியது. சுவானி அந்தப் பருவம் முழுவதும் கொடுத்த 10 புள்ளிகளும் அன்று ஒரே பகலில் போயின. ஒரே ஒரு புள்ளி வித்தியாசத்தில், 11-10 என சுவானி தப்பியது. நடுவர் தீர்ப்புகளைப் பற்றி ஹைஸ்மன் பின்னர் பத்திரிகையில் எழுதிக் குறைகூறினார். இரண்டே நாள் கழித்து, டிசம்பர் 2 அன்று, அட்லாண்டாவில் வடக்கு கரோலினாவை 5-0 என வென்றதோடு பருவம் நிறைவுற்றது.

அந்தக் கால ஆட்டத்தின் மூர்க்கம் பலரைப் பலிவாங்கியது. 1905இல் நேர்ந்த தொடர் மரணங்களுக்குப் பிறகு விதிகள் திருத்தப்பட்டன. முன்னோக்கி வீசும் பந்து வந்தது. மாநிலப் பல்கலைக்கழகங்கள் பெரும் மைதானங்களும் பெரும் அணிகளுமாக வளர்ந்தன. 1932இல் தென்கிழக்கு மாநாடு என்ற கல்லூரிக் கூட்டமைப்பு உருவானபோது சுவானியும் நிறுவன உறுப்பினர்களுள் ஒன்றாகச் சேர்ந்தது. ஆனால் 1940இல் விலகும்வரை கூட்டமைப்புக்குள் ஆடிய 37 ஆட்டங்களிலும் அது தோற்றது. அதன்பின் விளையாட்டு உதவித்தொகை வழங்காத கல்லூரிகளின் பிரிவில் ஆடத் தொடங்கிய சுவானி, இன்றும் அப்படியே ஆடிவருகிறது.