குழந்தைகளில் மருத்துவக் கதிர்வீச்சின் விளைவுகள்

மருத்துவக் கதிர்வீச்சு என்பது நோயைக் கண்டறிவதற்காகவோ குணப்படுத்துவதற்காகவோ உடலின் மீது செலுத்தப்படும் அயனியாக்கும் கதிர்வீச்சு ஆகும். எக்சு-கதிர்ப் படம், சி.டி. ஸ்கேன், அணு மருத்துவச் சோதனைகள், புற்றுநோய்க்கான கதிர் மருத்துவம் ஆகியன இதில் அடங்கும். மீயொலி ஸ்கேனும் எம்.ஆர்.ஐ. ஸ்கேனும் இதில் அடங்கா. அவை அயனியாக்கும் கதிர்களைப் பயன்படுத்துவதில்லை. பேச்சு வழக்கில் இவை எல்லாவற்றையும் 'ஸ்கேன்' என்ற ஒரே சொல்லால் குறிப்பதால், அஞ்ச வேண்டாதவற்றுக்கு அஞ்சுவதும், கேட்டறிய வேண்டியவற்றைக் கேளாமல் விடுவதும் நேர்கின்றன.

ஒரே அளவு கதிர்வீச்சு பெரியவர்களைவிடக் குழந்தைகளை மிகுதியாகப் பாதிக்கக்கூடும். அதே வேளையில், தேவையான ஒரு சோதனையைத் தவிர்ப்பதால் குழந்தைக்கு விளையும் தீங்கு, அச்சோதனையின் கதிர்வீச்சால் விளையக்கூடிய தீங்கைவிடப் பெரும்பாலும் பல மடங்கு பெரியது.

அளவைகள்

உடலின் ஒரு கிலோகிராம் திசு ஏற்கும் கதிர் ஆற்றல் 'கிரே' என்னும் அலகாலும், உடல் முழுமைக்குமான தீங்கின் மதிப்பீடு 'சீவெர்ட்' என்னும் அலகாலும் அளக்கப்படுகின்றன. நடைமுறையில் இவற்றின் ஆயிரத்தில் ஒரு பங்கான மில்லிகிரே, மில்லிசீவெர்ட் ஆகியனவே பயன்படுகின்றன.

பாறை, மண், காற்று, உணவு, விண்வெளி ஆகியவற்றிலிருந்து மனிதர் பெறும் இயற்கைக் கதிர்வீச்சின் உலகச் சராசரி ஆண்டுக்கு ஏறத்தாழ 2.4 மில்லிசீவெர்ட் ஆகும். ஒரு மார்பு எக்சு-கதிர்ப் படம் தருவது ஏறத்தாழ 0.02 மில்லிசீவெர்ட், அதாவது மூன்று நாட்களின் இயற்கைக் கதிர்வீச்சு. குழந்தையின் தலைக்கு எடுக்கும் ஒரு சி.டி. ஸ்கேன் ஏறத்தாழ 2 மில்லிசீவெர்ட், அதாவது பத்து மாத அளவு. வயிற்றுக்கு எடுக்கும் சி.டி. இதனினும் மிகுதி. எக்சு-கதிர்ப் படத்துக்கும் சி.டி.க்கும் இடையே நூறு மடங்கு வேறுபாடு இருப்பதைப் பலர் அறிவதில்லை. காசநோயாளி உள்ள வீட்டில் வளரும் குழந்தைக்கு மார்புப் படம் எடுக்கத் தயங்குவது இந்த அறியாமையின் விளைவே.

இம்மதிப்பு உடல் முழுமைக்குமான கணக்கு என்பதையும் நினைவில் கொள்ள வேண்டும். தலை சி.டி.யில் கதிர்கள் தலையில் மட்டுமே விழுவதால், மூளை ஏற்கும் அளவு ஏறத்தாழ 20 முதல் 40 மில்லிகிரே வரை இருக்கலாம்.

குழந்தைகள் வேறுபடுவது ஏன்?

வளரும் உடலில் உயிரணுக்கள் விரைந்து பிரிகின்றன. பிரியும் நிலையிலுள்ள உயிரணுவின் டி.என்.ஏ. சிதைந்தால், அது சரிசெய்யப்படும் முன்பே அடுத்த தலைமுறை அணுக்களுக்குச் சென்றுவிடக்கூடும். தைராய்டு, மார்பகம், எலும்பு மச்சை, மூளை ஆகியன குழந்தைப் பருவத்தில் குறிப்பாக எளிதில் பாதிப்புக்கு உள்ளாவன.

இரண்டாவது காரணம் காலம். கதிர்வீச்சால் தூண்டப்படும் புற்றுநோய் வெளிப்படப் பல ஆண்டுகள் ஆகும். எழுபது வயதினருக்கு அந்த ஆண்டுகள் எஞ்சியிராமல் போகலாம். ஐந்து வயதுக் குழந்தைக்கு அவை முழுமையாக உண்டு.

மூன்றாவது காரணம் முழுக்க முழுக்கப் பொறியியல் சார்ந்தது. பெரியவரின் பருத்த உடலைக் கடக்கத் தேவையான மின்னழுத்தத்தையும் மின்னோட்டத்தையும் மாற்றாமல் சிறிய உடலுக்குப் பயன்படுத்தினால், உள்ளுறுப்புகளைக் காக்கும் தசைத் தடிமன் குறைவாக இருப்பதால் அவை கூடுதல் கதிரை ஏற்கின்றன. முதலிரு காரணங்களை யாரும் மாற்ற முடியாது. மூன்றாவதை ஸ்கேன் அறையில் இருப்பவர் சில நொடிகளில் மாற்றலாம்.

வரலாறு

வில்லெம் ரோண்ட்கன் 1895 நவம்பர் 8 அன்று எக்சு-கதிர்களைக் கண்டறிந்தார். அடுத்த சில பதின்மங்களில் அவை உலகெங்கும் மருத்துவமனைகளை அடைந்தன; சென்னையில் பர்னார்டு கதிரியல் நிறுவனம் 1934 இல் திறக்கப்பட்டது. அக்காலத்தில் கதிர்வீச்சு ஒரு புதுமையான மருந்தாகவே கருதப்பட்டது. குழந்தைகளைப் பற்றி இன்று அறியப்படுவனவற்றுள் பெரும்பகுதி, அந்த நம்பிக்கைக்கு அன்றைய குழந்தைகள் கொடுத்த விலையிலிருந்து கிடைத்ததாகும்.

இவற்றுள் மிகவும் துயரமானது தைமசு சுரப்பியின் கதை. உடற்கூறு அறிஞர்கள் ஆராய்ந்த உடல்கள் பெரும்பாலும் நெடுநாள் நோயுற்று இறந்த ஏழைகளுடையவை. நோயும் பட்டினியும் தைமசைச் சுருக்கிவிடும். அந்தச் சுருங்கிய அளவே இயல்பானது எனக் கொள்ளப்பட்டதால், நலமுள்ள கைக்குழந்தைகளின் இயல்பான தைமசு 'வீங்கியது' எனத் தோன்றியது. மூச்சுத் திணறலைத் தடுப்பதாக எண்ணி, அமெரிக்காவில் ஏராளமான குழந்தைகளின் கழுத்திலும் மார்பிலும் கதிர் செலுத்தப்பட்டது. இல்லாத நோய்க்கு அளிக்கப்பட்ட அம்மருத்துவம் பலருக்குத் தைராய்டுப் புற்றுநோயை உண்டாக்கியது. இத்தொடர்பை 1950 இல் டஃபி, ஃபிட்ஸ்ஜெரால்டு ஆகிய மருத்துவர்கள் சுட்டிக்காட்டினர்.

இசுரேலில் 1948 முதல் 1960 வரை, தலையில் வரும் படர்தாமரைக்காகப் புலம்பெயர்ந்த குடும்பங்களின் குழந்தைகளுக்குக் கதிர் செலுத்தி முடி உதிர்க்கப்பட்டது. ஏறத்தாழ 10,800 பேரைத் தொடர்ந்து கவனித்த ஆய்வில் மூளைக் கட்டிகளும் தைராய்டுப் புற்றுநோயும் மிகுந்திருந்தன. தைராய்டு ஏற்ற அளவு சராசரியாக 0.1 கிரேயை ஒட்டியதே. பாதிக்கப்பட்டவர்களுக்கு இழப்பீடு வழங்க அந்நாடு 1994 இல் தனிச் சட்டம் இயற்றியது.

பிரித்தானிய மருத்துவர் ஆலிசு ஸ்டூவர்ட், புற்றுநோயால் இறந்த குழந்தைகளின் தாய்மார்களிடம் வினாத்தாள் வழியாகத் தகவல் திரட்டி, கருவுற்ற காலத்தில் வயிற்றில் எக்சு-கதிர்ப் படம் எடுக்கப்பட்டவர்களின் குழந்தைகளுக்கு நோய் மிகுந்திருந்ததை 1956 இலும் 1958 இலும் வெளியிட்டார். தாய்மாரின் நினைவை நம்ப இயலாது எனப் பலர் மறுத்தனர். 1962 இல் அமெரிக்காவில் மக்மகோன் மருத்துவமனைப் பதிவேடுகளைக் கொண்டு ஆராய்ந்து, இடர் ஏறத்தாழ 40 விழுக்காடு கூடுவதை உறுதிசெய்தார்.

முதுகெலும்பு பக்கவாட்டில் வளைந்த சிறுமியருக்கு ஆண்டுதோறும் படம் எடுக்கும் வழக்கமும் ஆராயப்பட்டது. சராசரியாக ஏறத்தாழ 25 படங்கள் எடுக்கப்பட்ட அமெரிக்கப் பெண்களிடையே மார்பகப் புற்றுநோய் இறப்பு 70 விழுக்காடு மிகுந்திருந்ததாக 2000 ஆம் ஆண்டு ஆய்வு காட்டியது. இதற்கான தீர்வு வியக்கத்தக்க எளிமையுடையது. சிறுமியின் முதுகுப்புறம் கதிர்க்குழாயை நோக்குமாறு நிறுத்திப் படம் எடுத்தால் மார்பகங்கள் ஏற்கும் அளவு பெரிதும் குறைந்துவிடும்.

சுவீடனில் தோல் இரத்தநாளக் கட்டிகளுக்காக ஒன்றரை வயதுக்கு முன் கதிர் பெற்ற 3,094 ஆண்களை ஆராய்ந்து 2004 இல் வெளியான ஆய்வு, புற்றுநோய் அல்லாத ஒரு விளைவைக் காட்டியது. மூளையின் முன்பகுதியில் 250 மில்லிகிரேக்கு மேல் ஏற்றவர்களுள் மேனிலைப் பள்ளிக்குச் சென்றோர் 17 விழுக்காட்டினர். கதிர் பெறாதவர்களுள் 32 விழுக்காட்டினர்.

சி.டி. ஸ்கேனும் புற்றுநோயும்

மேற்கண்டவற்றுள் பல இன்றைய சோதனைகளைவிடப் பெரிய அளவுகள். சி.டி.யின் சிறிய அளவுகளும் தீங்கு செய்யுமா என்பது நெடுங்காலம் கணக்கீடாகவே இருந்தது. பிரித்தானியாவில் இளம் வயதில் சி.டி. எடுத்த ஏறத்தாழ 1,80,000 பேரை ஆராய்ந்து 2012 இல் வெளியான ஆய்வு, மொத்தம் 50 மில்லிகிரேயை ஒட்டிய ஏற்பளவு இரத்தப் புற்றுநோய் இடரை ஏறத்தாழ மும்மடங்காக்கலாம் என்றது. மும்மடங்கு என்ற சொல் அச்சுறுத்துவது. ஆனால் அந்நோய் குழந்தைகளிடம் மிக அரிது. அதே ஆய்வின்படி, பத்து வயதுக்குட்பட்ட 10,000 குழந்தைகளுக்குத் தலை சி.டி. எடுத்தால், அடுத்த பத்தாண்டுகளில் கூடுதலாக ஓர் இரத்தப் புற்றுநோயும் ஒரு மூளைக் கட்டியும் தோன்றலாம்.

ஸ்கேன் எடுக்கக் காரணமான அறிகுறியே மறைந்திருந்த புற்றுநோயாக இருந்திருக்கலாம் என இவ்வகை ஆய்வுகள் குறைகூறப்பட்டன. இது நியாயமான ஐயம். ஒன்பது ஐரோப்பிய நாடுகளில் ஏறத்தாழ 9,48,000 பேரை உள்ளடக்கி 2023 இல் வெளியான ஆய்வும், 8 மில்லிகிரே ஏற்ற 10,000 பேருக்கு ஒன்று அல்லது இரண்டு இரத்தப் புற்றுநோய்கள் என்ற ஒத்த மதிப்பீட்டையே தந்தது.

குமரி மாவட்டமும் இயற்கைக் கதிர்வீச்சும்

கன்னியாகுமரி மாவட்டத்தில் இப்பொருள் பற்றிய பேச்சு பெரும்பாலும் கடற்கரை மணலில் சென்று முடிகிறது. மணவாளக்குறிச்சி மணலில் தோரியம் அடங்கிய மோனசைட்டு இருப்பதை 1909 இல் செருமானியரான சோம்பர்க் கண்டறிந்தார். அம்மணல் மலையின் கொடையே: மேற்குத் தொடர்ச்சி மலைப் பாறைகள் சிதைந்து, ஆறுகளால் அடித்துவரப்பட்ட கனிமங்களைக் கடலலைகள் சலித்துக் குவித்துள்ளன. ரப்பர் தோட்டங்கள் சூழ்ந்த கீரிப்பாறை போன்ற மலையடிவார ஊர்களில் அக்கனிமங்கள் அவ்வாறு குவிந்திருப்பதில்லை.

'கதிர்வீச்சு மணலிலேயே வாழ்கிறோம், ஒரு ஸ்கேன் என்ன செய்துவிடும்' என்னும் வாதம், இதே கனிமம் நிறைந்த கேரளத்தின் கருநாகப்பள்ளியில் நடந்த ஆய்வைத் துணைக்கு அழைப்பதுண்டு. அங்கே சில இடங்களில் ஆண்டுக்கு 70 மில்லிகிரே வரை பதிவாகியுள்ளது. ஏறத்தாழ 70,000 பேரைச் சராசரியாகப் பத்தரை ஆண்டுகள் கவனித்து 2009 இல் வெளியான முடிவுகளில் புற்றுநோய் மிகுதி காணப்படவில்லை. ஆனால் அவர்கள் 30 முதல் 84 வயது வரையிலானோர். அவர்கள் ஏற்றது ஆண்டு முழுவதும் சிறிது சிறிதாகப் பரவிய கதிர்வீச்சு. சில நொடிகளில் ஒரே உறுப்பின் மீது விழும் கதிருக்கும், மூன்று வயதுக் குழந்தைக்கும் அம்முடிவைப் பொருத்துவது சரியாகாது.

தலைக் காயம்: எப்போது சி.டி. தேவை?

குழந்தைக்குச் சி.டி. பரிந்துரைக்கப்படும் பொதுவான சூழல் கீழே விழுந்து தலையில் அடிபடுவதாகும். அமெரிக்காவில் இவ்வாறு அடிபட்ட, நினைவு பெருமளவு தெளிவாக இருந்த 42,412 குழந்தைகளை ஆராய்ந்து 2009 இல் விதிமுறைகள் வகுக்கப்பட்டன. அவர்களுள் மூன்றில் ஒரு பங்கினருக்கு மேல் சி.டி. எடுக்கப்பட்டது, மூளை அறுவை மருத்துவம் தேவைப்பட்டோர் 60 பேர் மட்டுமே.

அவ்விதிகளின்படி, இரண்டு வயதுக்கு மேற்பட்ட குழந்தைக்கு மனத்தெளிவில் மாற்றம், நினைவிழப்பு, வாந்தி, கடுமையான தலைவலி, மண்டையோட்டு அடிப்பகுதி முறிவின் அறிகுறிகள், கடுமையான விபத்து (எடுத்துக்காட்டாக, ஐந்து அடிக்கு மேல் உயரத்திலிருந்து விழுதல்) ஆகிய எதுவும் இல்லையெனில், பெரும் மூளைக் காயம் இருக்கும் வாய்ப்பு 0.05 விழுக்காட்டினும் குறைவு. அந்நிலையில் ஸ்கேனைவிடச் சில மணிநேரக் கண்காணிப்பே மேல். மாறாக, குழந்தை குழப்பமாகப் பேசினாலோ, எழுப்ப முடியாமல் உறங்கினாலோ கதிர்வீச்சை எண்ணித் தயங்கலாகாது. கீரிப்பாறை போன்ற ஊர்களிலிருந்து சி.டி. வசதிக்கு நாகர்கோவில், ஆசாரிப்பள்ளம் வரை செல்ல வேண்டியிருப்பதால், வீட்டில் வைத்துக் கவனிப்பதா, உடனே புறப்படுவதா என்ற முடிவில் தொலைவையும் கணக்கில் கொள்ள வேண்டும்.

இரண்டு வயதுக்குக் குறைந்த குழந்தைகளுக்கான விதிகள் வேறு. அவர்களை மருத்துவரே பார்த்து முடிவெடுக்க வேண்டும்.

ஏற்பளவைக் குறைத்தல்

முதல் வழி, கதிர் இல்லாத சோதனை போதுமா எனப் பார்ப்பது. குடல்வால் அழற்சி ஐயத்துக்குப் பெரும்பாலும் மீயொலி ஸ்கேனே முதலில் எடுக்கப்படுகிறது. எம்.ஆர்.ஐ.யில் கதிர் இல்லை; ஆனால் சிறு குழந்தை அசையாமல் கிடக்க மயக்க மருந்து தேவைப்படலாம், அதற்கும் இடர் உண்டு. அடுத்த வழி, கருவியின் அமைப்புகளைக் குழந்தையின் எடைக்கேற்ப மாற்றுவதும் தேவையான பகுதியை மட்டும் படமெடுப்பதும். இதனை வலியுறுத்தும் 'இமேஜ் ஜென்ட்லி' இயக்கம் 2008 இல் அமெரிக்காவில் தொடங்கியது.

எண்முறைப் படங்களில் எளிதில் கண்ணுக்குப் படாத ஒரு சிக்கல் உள்ளது. பழைய படச்சுருளில் கதிர் மிகுந்தால் படம் கறுத்துவிடும். தவறு உடனே தெரியும். எண்முறைக் கருவியின் மென்பொருளோ ஒளிர்வைத் தானே சரிசெய்துவிடுவதால், மிகையான கதிரிலும் படம் அழகாகவே வரும். இரைச்சல் குறைவதால் இன்னும் தெளிவாகவும் இருக்கும். எனவே யாரும் அறியாமல் ஏற்பளவு படிப்படியாக உயரக்கூடும். கருவி பதிவுசெய்யும் ஏற்பளவு எண்ணைக் கவனிப்பது ஒன்றே இதற்குத் தீர்வு.

இனப்பெருக்க உறுப்புகளின் மீது ஈயத்தகடு வைக்கும் பழைய வழக்கத்தைக் கைவிடுமாறு அமெரிக்க மருத்துவ இயற்பியலாளர் சங்கம் 2019 இல் பரிந்துரைத்தது. தகடு நழுவித் தேவையான பகுதியை மறைத்தால் மீண்டும் படம் எடுக்க நேர்வதும், தானியங்கிக் கருவி தடையை உணர்ந்து கதிரைக் கூட்டிவிடுவதும் இதற்குக் காரணங்கள். குழந்தையைப் பிடித்துக்கொள்ளும் பெற்றோர் ஈய மேலாடை அணிவது இதனின் வேறானது. அது இன்றும் தேவையே. கருவுற்ற தாய் அப்பணியைச் செய்யலாகாது.

இந்தியாவில் கதிரியல் கருவிகளுக்கான உரிமங்களை, 1983 நவம்பர் 15 அன்று அமைக்கப்பட்ட அணுசக்தி ஒழுங்குமுறை வாரியம் வழங்குகிறது. கதிர்ப் பணியாளருக்கு ஐந்தாண்டுச் சராசரியாக ஆண்டுக்கு 20 மில்லிசீவெர்ட், பொதுமக்களுக்கு 1 மில்லிசீவெர்ட் என வரம்புகள் உண்டு. நோயாளிக்கு வரம்பு இல்லை. உயிர்காக்கும் சோதனையை ஓர் எண் தடுத்துவிடக் கூடாது என்பதே காரணம். அதனால் ஒவ்வொரு முறையும் தேவையை எடைபோடும் பொறுப்பு மருத்துவரையே சாரும். முன்பு எடுத்த படங்களையும் குறுந்தகட்டையும் பெற்றோர் உடன் கொண்டுசென்றால், மருத்துவமனை மாறும்போது மீண்டும் ஸ்கேன் எடுப்பதைப் பலவேளைகளில் தவிர்க்கலாம்.

கதிர் மருத்துவம்

புற்றுநோய்க்கான கதிர் மருத்துவத்தில் அளவுகள் பல்லாயிரம் மில்லிகிரே. எலும்பு வளர்ச்சிக் குறைவு, சுரப்பிக் குறைபாடு, கற்றல் இடர்ப்பாடு, பின்னாளில் இரண்டாவது புற்றுநோய் ஆகியன அறியப்பட்ட விளைவுகள். இதனாலேயே இரத்தப் புற்றுநோயுள்ள குழந்தைகள் அனைவருக்கும் மூளைக்குக் கதிர் செலுத்தும் பழைய முறை பெரும்பாலும் கைவிடப்பட்டு, தண்டுவட நீரில் மருந்து செலுத்தும் முறை வந்தது. கட்டியைக் கடந்து அப்பால் கதிர் பரவாத புரோட்டான் மருத்துவம் சென்னையில் 2019 முதல் கிடைக்கிறது. சிறுவயதில் மார்பில் கதிர் மருத்துவம் பெற்ற பெண்களுக்கு, 25 வயதிலோ மருத்துவம் முடிந்து எட்டு ஆண்டுகளுக்குப் பின்னோ, இவற்றுள் எது பிந்தியதோ அப்போதிலிருந்து, ஆண்டுதோறும் மார்பகப் பரிசோதனை பரிந்துரைக்கப்படுகிறது.